பிணம் அழக்கூடாது

இப்பல்லாம் சாவுக்கு எவனும் சும்மா வருவதில்லை. பேசத்தான் வருகிறான். முன்னெல்லாம் வருகிறவன் செருப்பைக் கழற்றிப் போடுவான், ஒரு மூலையில் உட்காருவான், அழுகை வந்தால் அழுவான், வராவிட்டால் தரையைப் பார்த்துக்கொண்டிருப்பான், எழுந்து போய்விடுவான். இப்போது படியேறும்போதே தொண்டையைக் கனைக்கிறான். செத்தவரைப் பற்றி ரெண்டு வார்த்தை என்று ஆரம்பித்துத் தன்னைப் பற்றி மூச்சு முட்டப் பேசிவிட்டு, தண்ணீர் வாங்கிக் குடித்துவிட்டுப் போகிறான். செத்தவர் எழுந்து வந்து மறுத்துப் பேச மாட்டார் என்கிற தைரியம், வேறென்ன.

ஆஸ்பத்திரி வராந்தா பெஞ்சில் உட்கார்ந்துகொண்டு டிரைவர் இதைத்தான் மனசுக்குள் திட்டிக்கொண்டிருந்தார். பொண்டாட்டி போய் இன்னும் ஒரு டீ ஆறுகிற நேரம்கூட ஆகவில்லை, அதற்குள் மூன்று பேர் வந்து பேசிவிட்டுப் போயிருந்தார்கள். ஒருத்தன்கூட அவளை உள்ளே போய்ப் பார்க்கவே இல்லை.

டிரைவர் என்றால் நாடகக் கம்பெனி பஸ் ஓட்டியவர். அந்த பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்து வசனத்தை முணுமுணுத்துக்கொண்டே வந்த பெண்ணைத்தான் கட்டிக்கொண்டார். கட்டிக்கொண்ட பிறகும் அவள் அவரை "டிரைவரே" என்றுதான் கூப்பிட்டாள். மேடையில் அவள் ராணி. நடந்து வந்தால் பலகை அதிராது, பேசினால் கடைசி வரிசைக்காரன் இருமலை அடக்கிக்கொள்வான். அப்புறம் சினிமாக்காரர்கள் வந்து கூட்டிக்கொண்டு போய், ஒரு நரைமுடிகூட இல்லாத தலையில் வெள்ளைப் பவுடரைக் கொட்டி, அம்மாவாக்கிவிட்டார்கள். அவளைவிட வயதில் மூத்தவனெல்லாம் அவள் மடியில் தலையை வைத்து "அம்மா" என்றான்.

அந்த அம்மாவுக்குப் படத்தில் ஒரே ஒரு வேலை. கதாநாயகனுக்குக் கோபம் வர வேண்டுமென்றால் அவள் சாக வேண்டும். காரில் அடிபட்டுச் செத்தாள், வெள்ளத்தில் செத்தாள், மகனுக்கு விழ வேண்டிய குண்டைத் தான் வாங்கிச் செத்தாள், மகன் முகத்தைப் பார்த்த சந்தோஷத்தில் செத்தாள், பார்க்காத ஏக்கத்திலும் செத்தாள். நிஜத்தில் பெற்றெடுத்தது ஒன்றுமில்லை. அவர்களுக்குப் பிள்ளையில்லை.

நிஜமான சாவு அப்படியெல்லாம் இல்லை. மூன்று மாதம் மெலிந்து மெலிந்து, கடைசி வாரம் முழுக்க ஒரே வசனம்: "வீட்டுக்குப் போயிடலாம் டிரைவரே."

"நாளைக்குப் போலாம்."

மறுநாளும் அவள் கேட்டாள். மறுநாளும் அவர் நாளைக்கு என்றார். இன்று காலை டாக்டர் வந்து கையைப் பிடித்துப் பார்த்துவிட்டு, இனிமேல் வீட்டுக்குக் கொண்டு போகலாம் என்றார்.

ஆக, அவருக்கு வேண்டியது ஒன்றே ஒன்று. அவளை வீட்டுக்குக் கொண்டு போக வேண்டும். ஜன்னலோரக் கட்டிலில் கொஞ்ச நேரம் படுக்க வைக்க வேண்டும். அப்புறம் மண்ணில் வைத்துவிடலாம். மச்சினி, அதாவது அவளுடைய தங்கை, வீட்டைத் துடைத்து, கட்டிலுக்குத் துவைத்த விரிப்பு போட்டுக் காத்துக்கொண்டிருந்தாள்.

அப்போதுதான் மேடை-திரைக் கலைஞர் பேரவையின் செயலாளர் வந்தார். வந்த வேகத்தில் டிரைவர் கையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டார்.

"அண்ணே, நீங்க ஒண்ணுக்கும் கவலைப்படாதீங்க. பேரவை இருக்கு."

"கவலைப்பட்டு முடிச்சாச்சு. வண்டி ஒண்ணு வரச் சொல்லுங்க. வீட்டுக்குக் கொண்டு போகணும்."

"வீட்டுக்கா?" செயலாளர், திருட்டுப் பொருளைப் பற்றிக் கேட்டவர் மாதிரி குரலைத் தாழ்த்தினார். "அண்ணே, இனிமே அவங்க உங்க சொத்து இல்ல. கலையோட சொத்து."

"மூணு மாசமா இங்கதான கெடந்தா? அப்ப யாரு சொத்து?"

"அப்ப உங்க சொத்துதாண்ணே. உயிரோட இருக்கறவங்களைப் பத்திப் பேரவை விதியில ஒண்ணுமே இல்ல. நாங்களா எதையாவது செஞ்சா தப்பாயிடும்."

"ஒரு மணி நேரம் வீட்டுல வச்சுட்டு..."

"மொத அரங்கம், அப்புறம் வீடு. நானே கொண்டாந்து எறக்கறேன். என் மேல நம்பிக்கை இல்லையா?"

"இல்ல."

செயலாளர் இதைத் துக்கத்தில் வந்த நகைச்சுவை என்று எடுத்துக்கொண்டு அவர் தோளைத் தட்டினார். தட்டி முடிப்பதற்குள் தள்ளுகட்டில் உருண்டு போய்க்கொண்டிருந்தது. 'அமரர் ஊர்தி' என்று பக்கவாட்டில் எழுதின வெள்ளை வேன் ஒன்று வாசலில் இன்ஜினை அணைக்காமல் நின்றது. டிரைவர் பின்னாலேயே ஓடி ஏறிக்கொண்டார். இல்லாவிட்டால் அவரை விட்டுவிட்டுப் போயிருப்பார்கள்.

பேரவையில் துக்கத்துக்கும் தராதரம் உண்டு. கதாநாயகி செத்தால் ஒரு பகல் முழுக்க. குணச்சித்திரம் என்றால் அரைப்பகல். கூட்டத்தில் நின்றவர் செத்தால் வாசலிலேயே ஒரு நிமிட மௌனம், அதுவும் அந்த நிமிடத்தில் வேறு வேலை இல்லாவிட்டால். டிரைவரின் பொண்டாட்டி விஷயத்தில் இது பெரிய சிக்கலாகிவிட்டது. மேடையில் அவள் கதாநாயகி, திரையில் குணச்சித்திரம். நாடகப் பிரிவு முழுப் பகல் கேட்டது. திரைப் பிரிவு, பாதிக்கு மேல் ஒரு நொடி கொடுத்தாலும் நாளைக்கு எல்லா அம்மாக்களும் கேட்பார்கள் என்றது. முக்கால் பகல் என்று தீர்ந்தது.

அடுத்த சண்டை, தலை எந்தப் பக்கம் என்பது. மேடையில் ராணிகள் வலப்பக்கம் தலை வைத்துத்தான் சாவார்கள், அது மரபு என்றது நாடகப் பிரிவு. இடப்பக்கம் வைத்தால்தான் கேமராவுக்கு முகம் விழும் என்றது திரைப் பிரிவு. இரண்டு பிரிவும் தனித்தனி அறையில் உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டே ஒன்றையொன்று கலைத் துரோகி என்றன. கடைசியில் தலைவரே வந்து தீர்ப்புச் சொன்னார்: அரங்கில் சுழல் மேடை இருக்கிறது, பழைய நாடகங்களுக்குக் காட்சி மாற்றப் போட்டது. அதன் நடுவில் கட்டிலை வைத்து மெதுவாகச் சுற்றவிட்டால் இரண்டு பிரிவின் உணர்வும் மதிக்கப்படும். இரண்டு பிரிவும் கை தட்டின.

"சுத்தறதா?" என்றார் டிரைவர். "அவளுக்கு பஸ்ஸுலயே தலை சுத்தும். அதனாலதான் ஜன்னலோரம் உக்காருவா."

யாரும் காதில் வாங்கவில்லை.

துக்கத்துக்கென்று ஒரு இயக்குநர் போட்டிருந்தார்கள். பேர்போன சாவுகளையெல்லாம் எடுத்துக் கொடுத்தவராம். கழுத்தில் தொங்கின விசிலை ஊதி, விளக்கைச் சரி செய்யக் கட்டிலில் யாரையாவது படுக்கச் சொன்னார். சூடான விளக்குக்கு அடியில் நிஜப் பிணத்தை வைக்க முடியாது என்பது அவர் சொன்ன காரணம். அதில் டிரைவருக்கும் மறுப்பில்லை. துணை நடிகை ஒருத்தி முன்னால் வந்தாள். வேலைக்காரி வேஷத்திலும் பக்கத்து வீட்டுக்காரி வேஷத்திலும் வருகிறவள், வீட்டுக்குக்கூட ரெண்டு தடவை வந்து சாப்பிட்டிருக்கிறாள். கண்ணைத் துடைத்துக்கொண்டு போய்ப் படுத்தாள். பூவைக் கொட்டினார்கள்.

இயக்குநர் பின்பக்கம் போய் வேன் கதவைத் திறந்து உள்ளே பார்த்தார். பார்த்துவிட்டு, ஏமாந்துபோனவர் மாதிரி இறங்கினார்.

"இது அவங்க மாதிரியே இல்லையே?"

"அவதான்" என்றார் டிரைவர்.

"இல்லண்ணே, கன்னமே இல்ல. வெளிய பேனர்ல இருக்கற முகம் என்ன, இது என்ன! ஜனங்க நம்ம மேல கோவப்படுவாங்க."

மேக்கப்காரரை அனுப்பினார்கள். வாய்க்குள் பஞ்சு வைத்து, கன்னத்தில் சிவப்பு ஏற்றி, உதட்டுக்குச் சாயம் போட்டார். இயக்குநர் மறுபடி ஏறிப் பார்த்தார், அப்புறம் மேடையில் படுத்திருந்த துணை நடிகையைப் போய்ப் பார்த்தார். "உண்மையைச் சொல்லணும்னா அந்தப் பொண்ணுதான் அவங்க மாதிரி இருக்கு" என்றார். செயலாளர் யோசித்தார். யோசிக்கிறார் என்றதும் டிரைவர் வேன் பக்கம் ஒரு எட்டு நகர்ந்து நின்றார்.

அடுத்தது புருஷன் முறை.

"அண்ணே, நீங்க அந்தப் பக்கத்துலேருந்து வரணும். நடுவுல வரும்போது அவங்களைப் பாக்கறீங்க. பாத்த உடனே தளரணும். எங்க, ஒரு தடவை."

டிரைவர் அந்தப் பக்கத்திலிருந்து வந்தார். நடுவில் நின்றார். கட்டிலில் துணை நடிகை மூச்சை அடக்கிக்கொண்டு படுத்திருந்தாள். இவர் அவளைப் பார்த்தார், அவள் இமை துடித்தது.

"அண்ணே, ரொம்ப சாதாரணமா நிக்கிறீங்களே. துக்கத்தைக் காட்டுங்க."

"இருக்கு."

"இருந்தா போதாதுண்ணே. தெரியணும்."

இன்னொரு தடவை நடக்கவிட்டார்கள். இயக்குநர் விசிலை ஊதவே இல்லை, தலையில் கை வைத்துக்கொண்டார். "நிஜப் புருஷன் மாதிரியே தெரியலையே" என்று செயலாளரிடம் சொன்னது டிரைவர் காதில் நன்றாக விழுந்தது.

ஆள் அனுப்பி, படங்களில் அவளுக்குப் புருஷனாக நடித்தவரைக் கூட்டி வந்தார்கள். பெரும்பாலும் நீதிபதியாகவும் மிச்ச நேரத்தில் அவள் புருஷனாகவும் வருகிறவர். ஒரே தடவைதான். வந்தார், பார்த்தார், முழங்கால் மடிய அப்படியே சரிந்தார். விளக்குப் பிடிக்கிறவன் மூக்கை உறிஞ்சினான். குடும்பத்தார் வரிசையில் முதல் நாற்காலி அவருக்குப் போனது, மற்றதெல்லாம் மகன்களாக நடித்தவர்களுக்கு. எல்லா மகனும் தலைக்குச் சாயம் அடித்துக்கொண்டு வந்திருந்தார்கள்.

நீதிபதி நல்ல மனுஷர். டிரைவர் பக்கம் வந்து சங்கடமாகக் குனிந்தார். "தப்பா நெனச்சுக்காதீங்க. உங்க எடத்துல என்னை உக்காரச் சொல்லிட்டாங்க."

"உக்காருங்க. நின்னா உங்களுக்குக் கால் வலிக்கும்."

திட்டப்படி சிறப்பு விருந்தினர் தாமதமாக வர வேண்டும், அதற்குள் நிஜ உடம்பைக் கட்டிலுக்கு மாற்ற வேண்டும். ஆனால் வாழ்நாளில் முதல்முறையாக அந்த மனுஷர் நேரத்துக்கு வந்துவிட்டார். வாசலில் கேமராக்கள் ஓட ஆரம்பித்தன. செயலாளர் ஒரு கணம் வேனைப் பார்த்தார், ஒரு கணம் மேடையைப் பார்த்தார்.

"திரையைத் தூக்குங்க!"

"அப்ப அவ?" என்றார் டிரைவர்.

"அப்புறம் மாத்திக்கலாம்ணே! நீங்க கொஞ்சம் ஓரமா நில்லுங்க, ஃபிரேம்ல விழறீங்க!"

டிரைவர் பக்கத் திரைக்குப் பின்னால் ஒதுக்கப்பட்டார். மேடை கிறீச்சென்று சுற்ற ஆரம்பித்தது. சிறப்பு விருந்தினர் உயிரோடு இருந்த ஒருத்தியின் காலடியில் மலர் வளையம் வைத்துவிட்டு, அவள் முகத்தை உற்றுப் பார்த்து, "அப்படியே இருக்காங்க" என்று உருகினார்.

தலைவர் மைக்கைப் பிடித்தார். அந்தக் காலத்துக் கதாநாயகன், இந்தக் காலத்திலும் விடவில்லை.

"இந்தத் தாய் எனக்காகப் பதினோரு முறை உயிரை விட்டவர். ஒவ்வொரு முறையும் என் நடிப்பு மெருகேறியது. எங்களிடம் அவர் எதையும் கேட்டதே இல்லை. கேட்டபோதும் நாங்கள் கொடுத்ததில்லை. அவ்வளவு புரிதல் எங்களுக்குள்!"

கை தட்டினார்கள். இழவு என்று நினைவு வந்து நிறுத்தினார்கள்.

கட்டில் சுற்றிக்கொண்டு டிரைவர் நின்ற பக்கம் வந்தது. துணை நடிகையின் மூடின கண்ணிலிருந்து நீர் வழிந்து காதுக்குள் போய்க்கொண்டிருந்தது. எதிர்ப்பக்கத் திரைக்குப் பின்னால் இயக்குநர் பல்லைக் கடித்தார்: "ஏம்மா, அழுகையை நிறுத்து! பொணம் அழக்கூடாது!"

அவள் உதடு அசையாமல் கேட்டாள், "அண்ணே, அக்கா எங்க?"

"பின்னாடி. வண்டில."

மேடை அவளைக் கொண்டு போய்விட்டது. தலைவர் தொடர்ந்தார்.

"ஏன் அவருக்கு வாழ்நாள் விருது கொடுக்கவில்லை என்று சிலர் கேட்கிறார்கள். கொடுத்திருந்தால் அவருக்குக் கர்வம் வந்திருக்கும். அந்தப் பாவத்தைப் பேரவை செய்யாது. இன்று அந்த ஆபத்து நீங்கிவிட்டபடியால், 'கலைத்தாய்' என்ற பட்டத்தை வழங்குகிறோம்!"

கட்டில் திரும்பி வந்தது.

"தனியாவா இருக்காங்க?"

"ஆமா."

மறுபடி போனது. தலைவர், ஒரு படத்தில் தான் அழுத அழுகையை ஊரே பாராட்டியதைச் சொல்லிக்கொண்டிருந்தார். அந்தக் காட்சியில் செத்துக் கிடந்தது யார் என்பதைச் சொல்ல விட்டுப்போனது. நீதிபதி சரியான இடத்தில் விம்மினார். கட்டில் மூன்றாம் தடவை வந்தது.

"கூட்டிட்டுப் போயிடுங்கண்ணே" என்றாள் பிணம். "நான் படுத்துக்கறேன்."

டிரைவர் பின்வாசல் வழியாக இறங்கினார். வேன் நின்றிருந்தது. வேன்காரன், நடிகர்களைப் பார்க்க முன்வாசலுக்கு ஓடியிருந்தான், சாவி அப்படியே தொங்கிக்கொண்டிருந்தது. டிரைவர் ஏறி உட்கார்ந்தார். ஸ்டீயரிங்கைத் தொட்டு எத்தனையோ காலம். கால் தானாகக் கிளட்சைத் தேடிப் போனது.

"ஏம்மா," என்றார் பின்பக்கம் திரும்பாமல், "கெளம்பலாமா?"

குலுங்காமல் ஓட்டினார். வழியில் ஒரு டி.வி. கடை வாசலை அடைத்துக்கொண்டு கூட்டம். கண்ணாடிக்குள் எல்லாப் பெட்டியிலும் அந்தக் கட்டில் சுற்றிக்கொண்டிருந்தது. பெண்கள் வாயைப் பொத்தி அழுதார்கள். நடுரோட்டில் நின்ற ஒருத்தன், ஒதுங்கச் சொல்லி ஹாரன் அடித்ததும் திரும்பி முறைத்தான்.

"யோவ், செத்தது யாருன்னு தெரியுமா உனக்கு? கொஞ்சம் மரியாதையா போய்யா!"

டிரைவர் மரியாதையாகப் போனார்.

மச்சினியும் பக்கத்து வீட்டுக்காரரும் ஒரு கை பிடித்தார்கள். ஜன்னலோரக் கட்டிலில் படுக்க வைத்ததும் மச்சினி ஒரு நிமிடம் உற்றுப் பார்த்தாள். "மாமா, இது என்ன கோலம்? அக்கா வேஷத்தோட வீட்டுக்குள்ள வந்ததே இல்லையே." எண்ணெயும் பழைய துணியும் எடுத்து வந்தாள். டிரைவர் வாய்க்குள்ளிருந்த பஞ்சை எடுத்தார். கன்னம் மறுபடி உள்ளே போனது. மச்சினி துடைக்கத் துடைக்க, சிவப்பும் வெள்ளையும் துணிக்கு ஏறி, அடியிலிருந்து அவள் வந்தாள். மெலிந்து, வாய் லேசாகத் திறந்து, எதையோ சொல்ல வந்து மறந்தவள் மாதிரி.

இந்தக் கட்டிலில்தான் அவள் செத்துப் பழகுவாள். நாளைக்கு ஷூட்டிங் என்றால் இன்றைக்கு ஒத்திகை. கையைத் தொங்கவிட்டு, தலையைச் சாய்த்து, கொஞ்ச நேரம் கழித்து ஒற்றைக் கண்ணைத் திறந்து, "எப்படி இருந்துச்சு டிரைவரே?" என்பாள். இவர் பேப்பரிலிருந்து தலையைத் தூக்காமல், "நம்பற மாதிரி இல்ல" என்பார். அவள் சிரித்துவிட்டு எழுந்து அடுப்படிக்குப் போவாள்.

டிரைவர் நாற்காலியை இழுத்துக் கட்டிலோரம் போட்டுக்கொண்டார். அவள் கண்களைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தார். வெயில் ஜன்னலில் ஏறி, கட்டிலில் இறங்கி, அவள் கையைத் தாண்டித் தரைக்குப் போனது.

"இப்பவும் நம்பற மாதிரி இல்லம்மா" என்றார்.

அப்போதுதான் அவருக்கு அழுகை வந்தது. மச்சினி அடுப்படிக்குப் போய்விட்டாள்.

பொழுது சாய்கிற நேரத்தில் செயலாளர் வந்தார், கூடவே முகம் வெளுத்துப்போன வேன்காரன்.

"அண்ணே, நிகழ்ச்சி பிரமாதம்! ஊர்வலம், அடக்கம் எல்லாம் எள்ளளவும் குறையில்லாம முடிஞ்சுது. நீங்கதான் கடைசில இல்ல. பரவால்ல, உங்க எடத்துல உக்காந்தவர் நல்லா செஞ்சார். ஒரே ஒரு சின்ன விஷயம். வண்டியைக் காணோம்னு இவன் அழறான்."

"வாசல்ல நிக்குது பாருங்க. எதை அடக்கம் பண்ணீங்க?"

"அம்மாவைத்தான்."

டிரைவர் கதவை விட்டு விலகி நின்றார். செயலாளர் உள்ளே பார்த்தார். சுவரைப் பிடித்துக்கொண்டார்.

"அப்ப... பெட்டி?"

"அந்தப் பொண்ணு எறங்கிப் போனதுக்கப்புறம் மூடினீங்களா, முன்னாடியா?"

"எறங்கினதுக்கு அப்புறம்தான்ணே. அம்மாவை உள்ள மாத்தியாச்சுன்னு நாடகப் பிரிவு சொன்னாங்க. அவங்க கிட்ட திரைப் பிரிவு சொன்னாங்களாம்."

தலைவருக்கு போன் போட்டார். நெடுநேரம் "ஆமா தலைவரே" சொல்லிவிட்டு வந்தார். "அண்ணே, தலைவர் சொல்றது நியாயமாத்தான் படுது. மக்கள் மனசுல அம்மா அடக்கம் ஆயிட்டாங்க. அதைத் திருப்பிப் போட்டா மக்கள் மனசு புண்படும். அடக்கத்தை ரத்து பண்ணணும்னா பொதுக்குழு கூடணும், அதுக்கு அம்மாவும் ஒரு உறுப்பினர், அவங்க ஒப்புதலும் வேணும். அதனால நீங்க சத்தமில்லாம..."

"சத்தம் போட்டது நான் இல்ல" என்றார் டிரைவர்.

மறுநாள் காலை வேன்காரனே வண்டியோடு வந்து நின்றான். "நீங்களே ஓட்டுங்கண்ணே" என்று சாவியைக் கொடுத்துவிட்டுப் பின்னால் ஏறிக்கொண்டான். துணை நடிகையும் வந்திருந்தாள்.

இடுகாட்டு வாசலில் காவலாளி கையை நீட்டித் தடுத்தான். "யாரு?"

மச்சினி அக்கா பேரைச் சொன்னாள்.

"அவங்க நேத்தே வந்துட்டாங்களே! அதோ, பூ மலை மாதிரி கெடக்கு பாருங்க."

"அதுல ஆள் இல்லப்பா" என்றார் டிரைவர்.

"ஐயா, நானே மண்ணைத் தள்ளினேன். ஒரே ஆளை ரெண்டு எடத்துல வைக்க எனக்கு உத்தரவு இல்ல."

துணை நடிகை முன்னால் வந்தாள். "அண்ணே, நேத்து டி.வி.ல பாத்த பொணம் நான்தான். சுத்தினதுல இன்னும் தலை நிக்கல."

காவலாளி ரெண்டு எட்டு பின்னால் போனான். அவளை மேலும் கீழும் பார்த்து, வேனைப் பார்த்து, கடைசியில் டிரைவரைப் பார்த்தான். "அப்ப இவங்க யாரு?"

"என் பொண்டாட்டி."

"நீங்க யாரு?"

"டிரைவர்."

"டிரைவர் பொண்டாட்டின்னு மொதல்லயே சொல்ல வேண்டியதுதான!" அவனுக்கு மூச்சு வந்தது. "பின்வரிசைல தாராளமா எடம் இருக்கு."

பின்வரிசையில் சுவரோரம் வைத்தார்கள். மச்சினி ஒரு பிடி மண் போட்டாள், துணை நடிகை போட்டாள், வேன்காரன் போட்டான். டிரைவர் கடைசியாகப் போட்டார். கையைத் தட்டிவிட்டுக்கொள்ள மறந்து அப்படியே நின்றார். துணை நடிகை இன்று சத்தமாகவே அழுதாள். யாரும் விசில் ஊதவில்லை.

திரும்பி வரும்போது அந்தப் பூ மலைக்குப் பக்கத்தில் யாரோ தரையில் உட்கார்ந்திருப்பது தெரிந்தது. தலைவர். கூட ஒருத்தரும் இல்லை. சாயம் போன தலையும் கசங்கின சட்டையுமாக, மூக்கு ஒழுகுவதுகூடத் தெரியாமல் குலுங்கிக் குலுங்கி அழுதுகொண்டிருந்தார். காலடிச் சத்தம் கேட்டு நிமிர்ந்தார்.

"அண்ணே... உள்ள ஒண்ணும் இல்லன்னு தெரியும். நேத்தே சொல்லிட்டாங்க. இருந்தாலும் வந்துட்டேன். எங்கம்மா செத்தப்ப என்னை ஷூட்டிங்குலேருந்து விடல. அன்னிக்கு இவங்க மடியில படுத்துதான் அழுதேன். வசனத்தை மறந்துட்டு அழுதேன். இவங்க ஒண்ணும் சொல்லாம தலையைத் தடவிக்கிட்டே இருந்தாங்க. அவங்க எங்க இருக்காங்கன்னு சொல்லுங்கண்ணே. ஒரு தடவை பாத்துட்டுப் போயிடறேன்."

டிரைவர் அவரையே பார்த்துக்கொண்டு நின்றார். கண்ணைப் பார்த்தார், மூக்கைப் பார்த்தார், கசங்கின சட்டையைப் பார்த்தார். பின்வரிசைப் பக்கம் மட்டும் திரும்பவில்லை.

மச்சினி அவர் சட்டைக் கையைத் தொட்டாள். "மாமா, நெசமாவே அழறாரு. பாவமா இருக்கு. சொல்லிடலாமே."

டிரைவர் சுற்றிலும் பார்த்தார். மரத்துக்குப் பின்னால் பார்த்தார், மதில்மேல் பார்த்தார், காவலாளி குடிசைப் பக்கம் எட்டிப் பார்த்தார். கேமரா எதுவும் தெரியவில்லை.

"எங்கயாவது வச்சிருப்பான்" என்றார். வாசலைப் பார்த்து நடக்க ஆரம்பித்தார்.